தூக்கிலிடும் அலுகோசு வேலைக்கு யார் போவது?

ஆசிரியருக்கு,

போதைப்பொருள் செய்தி வந்தாலே கல்லடித் தேநீர்க் கடைகளில் 'தூக்கில போடணும்' என்ற குரல் எழும்பும். போடுவது யார்? இலங்கையில் 1976க்குப் பின் யாரும் தூக்கிலிடப்படவில்லை. 2014இல் அலுகோசாகச் சேர்ந்த ஒருவர், தூக்குமேடையைக் கண்டதுமே வேலையை விட்டுவிட்டார். வெறும் மேடைதான், அதில் ஆள்கூட நிற்கவில்லை! அந்த வேலைக்கான 2019 விளம்பரமோ நல்லொழுக்கமும் மனத்திடமும் கேட்டது. (நல்லொழுக்கம் உள்ளவனைத் தேடிப் பிடித்து இந்த வேலையா?) நீதிபதி தீர்ப்பு எழுதுவார், ஜனாதிபதி கையெழுத்திடுவார், கயிற்றை மாட்டுபவன் அன்றிரவு வீட்டுக்குப் போய்ச் சோற்றில் கை வைக்க வேண்டும். சத்தம் போட்ட தம்பியிடம் 'நீங்க விண்ணப்பிப்பீங்களா?' என்றேன். 'நமக்கெதுக்கண்ணே அந்தப் பாவம்' என்றார். மட்டக்களப்பு எம்.பி.க்கள் இத்தண்டனையைச் சட்டத்திலிருந்தே நீக்கும்படி பாராளுமன்றத்தில் கேட்க வேண்டும்.

ஒரு வாசகர்,
கல்லடி, மட்டக்களப்பு.