பாப்ரிகாவும் பெர்பெரேயும் ஒன்றாகப் போட்டால் கசக்கும்: உங்கள் குழம்பு கிட் குறித்த புகார்

பெறுநர்:
மேலாளர், வாடிக்கையாளர் குறைதீர் பிரிவு

பொருள்: 'ஹங்கேரி–எத்தியோப்பியா குழம்பு கிட்' செய்முறை அட்டையிலும் சரக்கிலும் உள்ள தவறுகள், பணம் திரும்பக் கோருதல்

ஐயா / அம்மா,

உங்கள் தளத்தில் நான்கு கிட் வாங்கினோம். அட்டையில் உள்ளபடியே சமைத்த இரண்டும் கசந்தன. முறையை மாற்றிச் சமைத்த மூன்றாவது கசக்கவில்லை. ஆகவே கோளாறு முக்கியமாக அட்டையில், கொஞ்சம் சரக்கில்.

அட்டையின் மூன்றாம் படி, எண்ணெயைப் புகைய விட்டு பாப்ரிகா (ஹங்கேரியச் சமையலின் சிவப்பு மிளகாய்த் தூள்), பெர்பெரே (எத்தியோப்பிய மசாலாத் தூள்) இரண்டையும் கொட்டி 5 நிமிடம் வறுக்கச் சொல்கிறது. பார்க்க இரண்டும் ஒரே சிவப்புதான். அடுப்பில் நேர் எதிர். பாப்ரிகாவில் சர்க்கரை உண்டு, சூடான கொழுப்பில் சட்டென்று கருகும். அதனால்தான் ஹங்கேரியில் பாத்திரத்தை இறக்கி வைத்து, பாப்ரிகாவைப் போட்டு ஒரு கிளறு கிளறி, உடனே தண்ணீரோ இறைச்சியோ சேர்த்துச் சூட்டைத் தணிப்பார்கள். பெர்பெரே வேறு ஜாதி. மிளகாயோடு வெந்தயம், கொரரிமா என்ற எத்தியோப்பிய ஏலக்காய், ஓமம், கருஞ்சீரகம், இஞ்சி எல்லாம் சேர்ந்த தூள் அது. வெங்காய விழுதில், சிறு தீயில், அடிபிடிக்கும்போதெல்லாம் தண்ணீர் தெளித்து 15 நிமிடமாவது வதக்கினால்தான் பச்சை வாசனை போகும். நீங்கள் சொல்லும் புகையும் எண்ணெயில் பாப்ரிகா முதல் நிமிடத்திலேயே கரிந்துவிட்டது. வெந்தயமும் தீய்ந்து அந்தக் கசப்போடு சேர்ந்துகொண்டது.

அடுத்து வெங்காயம். 1 கிலோ மாட்டிறைச்சிக்கு நடுத்தர வெங்காயம் இரண்டு என்கிறீர்கள். கெட்டியாக்கக் கடைசியில் சோளமாவு இரண்டு கரண்டி. இரண்டு நாட்டுச் சமையலிலும் குழம்பைக் கெட்டியாக்குவது வெங்காயம்தான், மாவு இல்லை. ஹங்கேரியின் பொர்கொல்ட் என்ற கெட்டி இறைச்சிக் குழம்புக்கு இறைச்சியில் பாதி எடை வெங்காயம் போகும். வாட் என்ற எத்தியோப்பியக் குழம்புக்கு இன்னும் கூடுதலாகவே. (நீங்கள் பெட்டியில் போட்டிருக்கும் 'குலாஷ்' ஹங்கேரியில் சூப். அது போகட்டும், வெளியூரில் எல்லோரும் அப்படித்தான் சொல்கிறார்கள்.)

நாங்கள் மாற்றிச் செய்தது இது. வெங்காயம் 750 கிராம் பொடியாக நறுக்கி, எண்ணெய் விடாமல் வெறும் கனமான பாத்திரத்தில் சிறு தீயில் 40 நிமிடம். ஒட்டினால் தண்ணீர் தெளிப்பு. அது குழைந்து கூழானதும் நிட்டர் கிப்பே (மசாலா சேர்த்து உருக்கிய எத்தியோப்பிய நெய்) 45 கிராம், பெர்பெரே முழுப் பாக்கெட்டும் போட்டு 15 நிமிடம், ஓரத்தில் நெய் பிரியும் வரை. இறக்கி ஒரு நிமிடம் ஆறவிட்டு பாப்ரிகா, கையோடு அரை தம்ளர் தண்ணீர், உடனே கால்சதைத் துண்டுகள். பிறகு மூடி போட்டு இரண்டரை மணி நேரம். இறைச்சி விடும் நீரிலேயே வேகும். வற்றினால் மட்டும் அரை அரை தம்ளராக ஊற்றினால் போதும். அட்டையில் இருக்கும் 1 லிட்டர் தண்ணீரும் 45 நிமிடமும் கால்சதையை ரப்பராகத்தான் வைக்கின்றன. மீதி 15 கிராம் கிப்பே இறக்குவதற்கு முன். மொத்தக் கிப்பேயையும் பரிமாறும்போது மேலே ஊற்றச் சொன்னது வீண். இலையில் நெய் மிதந்ததுதான் மிச்சம்.

உப்பையும் கவனியுங்கள். பெர்பெரே பாக்கெட்டின் சேர்மானப் பட்டியலில் மிளகாய்க்கு அடுத்து உப்பு. அதாவது எடையில் இரண்டாம் இடம். அதற்கு மேல் அட்டையில் 2 தேக்கரண்டி! மூன்றாவது தடவை நாங்கள் தனியாக உப்பே போடவில்லை, சரியாக இருந்தது.

சரக்கைப் பற்றி. 'ஹங்கேரியன் பாப்ரிகா' செங்கல் பொடி நிறத்தில் இருக்கிறது. வெளிச்சம் படும் கண்ணாடித்தாள் பாக்கெட் வேறு. வெதுவெதுப்பான நெய்யில் அரை தேக்கரண்டி கலந்தால் நெய் சிவக்க வேண்டும். இது வெளிறிய மஞ்சளோடு நின்றுவிட்டது. மேலும் புகை வாசனை அடிக்கிறது. புகை போட்டுக் காயவைப்பது ஸ்பெயினின் லா வேரா பகுதி வழக்கம். ஹங்கேரியின் செகெட், கலோச்சா ஊர்ப் பாப்ரிகாவுக்கு அந்த வாசனை இருக்காது. இனிப்பு ரகமா, கார ரகமா என்றும் போடவில்லை. 'கேரவே' (சீரகம் போலத் தெரியும், ஆனால் வேறு விதை) என்று ஒட்டிய பாக்கெட்டில் இருப்பது நம் சாதாரணச் சீரகம். ஹங்கேரிய மொழியில் 'கொமேன்' என்றால் கேரவே, சீரகத்துக்கு 'ரோமாய் கொமேன்' என்று தனிப்பெயர். மொழிபெயர்த்தவர் அங்கே தடுக்கி விழுந்திருக்கலாம்.

எங்கள் கோரிக்கைகள்: நான்கு கிட்டின் முழுத் தொகையையும் திருப்பித் தர வேண்டும். மூன்றாம் படியை இரண்டாகப் பிரித்து அட்டையை மறுபடி அச்சிட வேண்டும். அதுவரை ஏற்கெனவே வாங்கியவர்களுக்கு, பாப்ரிகாவைப் புகையும் எண்ணெயில் போடாதீர்கள் என்று ஒரு செய்தியாவது அனுப்ப வேண்டும். பாப்ரிகா எங்கே விளைந்தது, எந்த ரகம், எப்போது அரைத்தது என்பதை எழுத்தில் தெரிவிக்க வேண்டும்.

நான்காவது கிட் பிரிக்காமல் இருக்கிறது. சோதிக்க வேண்டுமானால் ஆள் அனுப்பி எடுத்துக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
வாடிக்கையாளர்கள்