40 என்று குறித்த இடத்தில் 50 மி.மீ. ஓடும் பவர் பிரஸ்

அனுப்புநர்
உரிமையாளர், பிரஸ் பட்டறை,
கணபதி, கோயம்புத்தூர்.

பெறுநர்
மேலாளர், சர்வீஸ் பிரிவு.

பொருள்: ஸ்ட்ரோக் அளவு வளையத்தில் தவறான குறிகள் – மாற்றித் தரக் கோருதல்.

ஐயா,

தகட்டை அழுத்தி வடிவம் தரும் பவர் பிரஸ் ஒன்றைப் போன தை மாதம் உங்களிடம் வாங்கினேன். அதில் ஸ்ட்ரோக்கை, அதாவது பஞ்சைப் பிடித்திருக்கும் ராம் மேலும் கீழும் ஓடும் தூரத்தை, 10 மி.மீ. முதல் 70 மி.மீ. வரை மாற்றிக்கொள்ளலாம். அதற்காகவே கூடுதல் விலை கொடுத்தேன். கோளாறும் அதில்தான் இருக்கிறது.

வாஷர் வேலை முடிந்து, தகட்டைச் சிறிய கிண்ணமாக இழுக்கும் டையை (அச்சை) மாட்டினோம். டை மாட்டி அளவு வைக்கும் செட்டர், வளையத்தின் குறியைப் பார்த்து ஸ்ட்ரோக்கை 10-லிருந்து 40-க்கு மாற்றினார். ஸ்ட்ரோக் கூடும் அளவில் பாதிக்கு ராம் கீழே இறங்கும் என்பதால், ராமின் உயரத்தை மாற்றும் திருகைச் சுற்றி அதை 15 மி.மீ. ஏற்றச் சொல்கிறது உங்கள் கையேடு. ஏற்றினார். மோட்டாரைப் போடும் முன் பிளைவீல் என்ற கனமான சக்கரத்தைக் கையால் ஒரு சுற்று சுற்றிப் பார்ப்பது அவர் வழக்கம். ராம் அடிமட்டத்துக்கு வர இன்னும் 5 மி.மீ. இருக்கும்போதே பஞ்ச் இடித்து நின்றுவிட்டது.

மூன்றாம் நாள் உங்கள் சர்வீஸ் ஆள் வந்தார். 10-ல் வைத்து அளந்தார், சரியாக இருந்தது. 70-ல் வைத்து அளந்தார், அதுவும் சரி. டை உயரத்தில்தான் தப்பு என்று எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டு கிளம்பிவிட்டார். நடுவில் ஓர் இடத்தில்கூட அளக்கவில்லை.

அவர் போனபின் உயரம் அளக்கும் ஹைட் கேஜ் வைத்து நாங்களே அளந்தோம். 30 என்ற கோட்டில் 36 மி.மீ. ஓடுகிறது. 40-ல் 50. 50-ல் ஏறக்குறைய 61.

காரணம் வளையத்தைப் பார்த்தாலே தெரிகிறது. ராமை ஓட்டும் எக்சென்ட்ரிக் ஷாஃப்டில் மையம் விலகிய பகுதி ஒன்று, அதன்மேல் திருப்பி வைக்கக்கூடிய, மையம் விலகிய புஷ் (உறை) ஒன்று. இரண்டு விலகலும் ஒரே பக்கம் பார்த்தால் கூடும், எதிரெதிரே பார்த்தால் கழியும். ராம் ஓடும் தூரம் மொத்த விலகலைப் போல இரண்டு மடங்கு. ஆக 70-க்கு 35, 10-க்கு 5. கூட்டினால் 35, கழித்தால் 5 வர வேண்டுமென்றால் ஷாஃப்டின் விலகல் 20, புஷ்ஷின் விலகல் 15. புஷ்ஷைக் கால் சுற்று திருப்பினால் 20-ம் 15-ம் செங்கோணத்தில் நிற்கும். கொத்தனார் மூலைமட்டம் பார்க்கும் அதே 3, 4, 5 கணக்குதான்: 15, 20, 25. விலகல் 25 என்றால் ஸ்ட்ரோக் 50. அந்த இடத்தில் உங்கள் வளையத்தில் 40 என்று வெட்டியிருக்கிறது. அரை வட்டத்தைச் சம பாகமாகப் பிரித்துக் கோடு போட்டிருக்கிறார்கள். ஸ்ட்ரோக் அப்படிச் சமமாக மாறாது; இரண்டு முனையிலும் மெதுவாகவும், 10-ஐக் கொஞ்சம் தாண்டியதும் வேகமாகவும் மாறும். அதனால் இரண்டு முனையும் சரி, நடுவெல்லாம் தப்பு.

எங்கள் டைக்கு ஒன்றும் ஆகவில்லை. மோட்டார் ஓடியிருந்தால் கதை வேறு. அடிமட்டத்தை நெருங்க நெருங்க ராமின் அழுத்தம் பல மடங்கு ஏறும், பிளைவீலில் சேர்ந்த சக்தி முழுவதும் அங்கே இறங்கும். பஞ்ச் தெறிக்கலாம், திருகு வளையலாம், ராம் கீழேயே பிடித்துக்கொள்ளலாம். தெறிக்கும் துண்டு நிற்பவர் மேல்தான் படும். இரவு ஷிஃப்டில் இருக்கும் பையனுக்கு இருபது வயதுதான். மெஷினில் வெட்டியிருக்கும் எண்ணை நம்பு என்றுதான் அவனுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறேன்.

மூன்று நாள் வேலை நின்றதற்கான இழப்பைப் பிறகு பேசிக்கொள்ளலாம். முதலில் சரியான இடங்களில் கோடு வெட்டிய வளையம் அனுப்புங்கள். திருகை ஏற்றுவதற்கு முன் ஓடும் தூரத்தை அளந்து பார்க்கவேண்டும் என்று கையேட்டில் சேருங்கள். டை உயரம் தப்பு என்று எழுதிய அறிக்கையைத் திருத்துங்கள். அது எங்கள் செட்டர்மேல் விழுந்த பழி. இதே மாடல் வாங்கிய எல்லாப் பட்டறைக்கும் இந்த வாரமே தகவல் சொல்லுங்கள். இதை நான் கெஞ்சியே கேட்கிறேன்.

அளந்த அட்டவணையையும் வளையத்தின் படங்களையும் இணைத்திருக்கிறேன். இப்போதைக்கு வளையத்தின்மேல் டேப் ஒட்டி, சரியான அளவுகளை மார்க்கரால் எழுதி ஓட்டுகிறோம். எண்ணெய் பட்டு இரண்டு நாளைக்கு ஒருமுறை அழிந்துபோகிறது.

இப்படிக்கு,
பட்டறை உரிமையாளர்