‘டாப் ஸ்பீடு’ ரீல்ஸ் போடும் தம்பிகளுக்கு ஒரு திறந்த மடல்

தம்பிகளே,

விடியற்காலை ஈ.சி.ஆர்., மீட்டரில் 150, ‘தொட்டாச்சு மச்சி’ என்று ஒரு கேப்ஷன். சிக்கல் வந்தால் ரீலைத் தூக்கிவிடலாம் என்பது உங்கள் கணக்கு. இந்த வழக்குகளில் வாதாடும் வழக்கறிஞர்கள் சொல்கிறோம், அந்தக் கணக்கு தப்பு.

போலீசுக்கு உங்கள் போனே தேவையில்லை. யாரோ ஒருவர் எடுத்த ஸ்கிரீன் ரெக்கார்டு போதும். அந்தக் கோப்பின் ஹாஷ் மதிப்பை (கோப்பு மாற்றப்படவில்லை என்று காட்டும், கைரேகை மாதிரியான குறியீடு) குறித்து, பாரதிய சாக்ஷ்ய அதினியம் (சாட்சியச் சட்டம்) 63-ஆம் பிரிவின்படி, கோப்பைத் தருபவரும் நிபுணரும் கையெழுத்திட்ட சான்றிதழை இணைத்தால் அது நீதிமன்றத்தில் ஏறும். அக்கவுன்ட்டையே மூடினாலும், 2021 தகவல் தொழில்நுட்ப (ஐ.டி.) விதிகள்படி அக்கவுன்ட் தொடங்க நீங்கள் தந்த விவரங்களை அந்தச் சமூக ஊடக நிறுவனம் 180 நாள் வைத்திருக்க வேண்டும்; போலீஸ் முறைப்படி எழுதிக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும்.

ஆபத்தாக ஓட்டியதற்கு மோட்டார் வாகனச் சட்டம் 184-இல் முதல் முறை அதிகபட்சம் ஓராண்டு சிறை. வழக்குக்குத் தேவைப்படும் என்று தெரிந்தே மின்னணுப் பதிவை அழித்தால், பாரதிய நியாய சன்ஹிதா (தண்டனைச் சட்டம்) 241-இல் 3 ஆண்டு வரை சிறை. ஓட்டியதைவிட அழித்தது பெரிய குற்றமாகிவிடுகிறது, பாருங்கள்.

ஸ்டேஷனில் எடுக்கும் மன்னிப்பு வீடியோவை நினைத்து எல்லோரும் பயப்படுகிறீர்கள். போலீசிடம் தந்த ஒப்புதல் வாக்குமூலம் உங்களுக்கு எதிராகச் செல்லாது. யாரும் கட்டாயப்படுத்தாமல் நீங்களே போட்ட ரீலுக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது.

இன்சூரன்ஸ் பாலிசியையும் ஒருமுறை படியுங்கள். பந்தயமும் வேகச் சோதனையும் அதில் விலக்கு. ‘டாப் ஸ்பீடு டெஸ்ட்’ என்று தலைப்பு வைத்தால் கிளெய்மை மறுக்கும் காரணத்தை நீங்களே எழுதிக் கொடுத்த மாதிரி.

18 ஆகாதவர் ஓட்டினால் மோட்டார் வாகனச் சட்டத்தின் 199ஏ பிரிவு அப்பா மீதோ வண்டியின் உரிமையாளர் மீதோ பாயும்: 3 ஆண்டு வரை சிறை, 25,000 ரூபாய் அபராதம். வண்டிப் பதிவு 12 மாதம் ரத்து. ஓட்டிய பையனுக்கு 25 வயது வரை லைசென்ஸ் கிடையாது. 18 தாண்டியவரும் தப்ப முடியாது: 2023-இல் காஞ்சிபுரம் அருகே வீலிங் செய்து விழுந்த யூடியூபருக்கு (பெயர் உங்களுக்கே தெரியும்) லைசென்ஸ் போனது 10 ஆண்டுக்கு.

நோட்டீஸ் வந்துவிட்டால் எதையும் அழிக்காதீர்கள், விளக்க வீடியோவும் போடாதீர்கள். முதலில் ஒரு வழக்கறிஞரைப் பாருங்கள். கையில் காசில்லையென்றால் சட்ட உதவிக்கு 15100.