கார்பன் குச்சி

தண்டையார்பேட்டை

அன்புள்ள தம்பிக்கு,

நைனா எழுதுகிறேன். நீ அம்மாவுக்கு மத்தியானத்தில் போன் செய்கிறாய் என்று தெரியும். நான் கடைக்குப் போகிற நேரமாகப் பார்த்துச் செய்கிறாய் என்பதும் தெரியும். சரி, அது இருக்கட்டும். வேளைக்குச் சாப்பிடு. அட்வான்ஸ் வாங்காமல் கேமராவைத் தூக்காதே. போன படத்தில் பாதிச் சம்பளம் இன்னும் நிற்கிறதாம், அம்மா சொன்னாள். சின்னப் படம், சிநேகிதன் படம் என்று விட்டுவிடாதே. பம்பாயில் வீட்டுக்காரர் வாடகையில் சிநேகிதம் பார்ப்பாரா?

மாடியில் ஒழுகிய இடத்தைப் பூசிவிட்டோம்.

உன் படத்தைப் பற்றிக் காசிமேட்டில் இன்னும் பேசுகிறார்கள். விடியற்காலை ஏலத்தை, தனியாக ஒரு லைட்டும் வைக்காமல், அங்கே தொங்கிய பல்பு வெளிச்சத்திலேயே எடுத்திருக்கிறாய். கூடையில் மீன் ஈரம் மின்னுகிறது. அந்த அம்மாவின் முகம் பாதிதான் தெரிகிறது, ஆனாலும் விலை படியவில்லை என்பது அந்தப் பாதியிலேயே புரிந்துவிடுகிறது. அப்படி எடுக்க எத்தனை பேருக்கு வரும்? எனக்குப் பெருமைதான். அதை அன்றைக்கே சொல்லியிருக்கலாம். "ஒண்ணுமே தெரியல, ஒரே இருட்டா இருக்கு" என்றுதான் சொன்னேன். நீ பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாய். பெத்தவன் ஒரு வார்த்தை சொன்னால் அதற்கு ஐந்து மாதமா, தம்பி?

உன்னிடம் இதுவரை சொல்லாத ஒன்று இருக்கிறது. 1987இல் வந்த நாயகனை எங்கள் தியேட்டரில் நான்தான் ஓட்டினேன். பி.சி.ஸ்ரீராம் ஒளிப்பதிவு. மேலிருந்து கொஞ்சமாக விழும் வெளிச்சம், கண் இருக்கும் இடத்தில் நிழல். அதற்குத் தேசிய விருதே கொடுத்தார்கள். அப்போது எங்களுக்குக் கார்பன் குச்சி விளக்கு. இரண்டு குச்சி முனைக்கும் நடுவில் எரிவதுதான் திரையில் விழும் வெளிச்சம். ஆம்பியரைக் குறைத்தால் குச்சி மெதுவாகக் கரையும், படமும் மங்கிவிடும். குச்சி மிச்சமானால் முதலாளி கையில் இருபது ரூபாய் வைப்பார். வாங்கினேன். தரை டிக்கெட்டில் உட்கார்ந்தவர்கள் "லைட்டைப் போடுய்யா" என்று கத்தினார்கள். இடைவேளையில் கேட்டவர்களிடம், "கேமராமேன் இருட்டா எடுத்துட்டான், நான் என்ன பண்ண?" என்றேன். இன்னும் எத்தனை படத்துக்கு அப்படிச் சொன்னேனோ.

அந்த வாய்தான் உன்னையும் சொன்னது. அதுவும் பட்டப்பகலில், வாசல் கதவு திறந்து கிடக்க, முற்றத்து வெயில் டிவி மேலேயே விழ, உட்கார்ந்து பார்த்துவிட்டு. 28 வருஷம் ஆபரேட்டராக இருந்தவன் எழுந்து கதவைச் சாத்தியிருக்க வேண்டாமா?

நேற்று ராத்திரி எல்லா விளக்கையும் அணைத்துவிட்டு மறுபடியும் போட்டோம். நம் வீட்டில் எடுத்த காட்சியில், ஜன்னலுக்குப் பின்னால் கொடியில் ஆயாவின் அரக்குப் புடவை கிடக்கிறது. அன்றைக்கு அது என் கண்ணில் படவே இல்லை. அம்மா எழுந்து டிவி பக்கத்தில் போய் நின்றுகொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை நான் கடைக்குப் போகமாட்டேன். அட்வான்ஸை மறக்காதே.

உன் நைனா