நாகர் காவு மீட்புப் பணி: நன்கொடை வேண்டுகோள்

பெருமதிப்பிற்குரிய ஊர்ப் பெரியோர்களுக்கும், வெளியூர்களிலும் வளைகுடா நாடுகளிலும் பணிபுரியும் நம் ஊர் மக்களுக்கும் காவு மீட்புக் குழுவின் பணிவான வணக்கம்.

இடவப்பாதி மழைக்கு, அதாவது தென்மேற்குப் பருவமழைக்கு முன், நாகராஜா குடிகொண்ட நம் புனிதச் சோலையாகிய காவில் மரக்கன்றுகளை நட்டாக வேண்டும். தவறினால் ஓராண்டு வீணாகிவிடும் என்பதால் இவ்வேண்டுகோளை அவசரமாக விடுக்கிறோம்.

காவில் உதிர்ந்த சுள்ளியைக்கூட அடுப்புக்கு எடுக்கலாகாது என்பது நம் முன்னோர் வைத்த கட்டுப்பாடு. 1920களில் மார்த்தாண்டத்தில் ஒய்.எம்.சி.ஏ. தேனீப் பெட்டி வளர்ப்பைக் கற்பித்தபோது, நம் ஊரார் முதல் தேனீக் கூட்டங்களைப் பிடித்தது இக்காவின் மரப்பொந்துகளிலிருந்துதான் என்று பெரியவர்கள் இன்றும் பெருமையோடு சொல்வார்கள். 1990களின் தொடக்கத்தில் தேனீப் புழுக்களைக் கொல்லும் தாய் சாக்புரூட் வைரஸ் நோய் பெட்டிகளைக் காலியாக்கிய பிறகும், இங்கு எஞ்சிய கூட்டங்களைக் கொண்டே தொழில் மீண்டது.

இன்று காவைச் சுற்றிலும் ரப்பர். அதன் தளிரில் தேன் சுரக்குமே தவிர, தேனீப் புழுக்களை வளர்க்கும் மகரந்தம் கிடைக்காது. களைக்கொல்லி தெளித்த தரையில் தும்பைச் செடிகூட மிஞ்சுவதில்லை. மழை மாதங்களில் பெட்டித் தேனீக்களுக்கு நாம் சர்க்கரைப் பாகு வைக்கிறோம். பெட்டியில்லாத தேனீக்களுக்கு யார் வைப்பார்? கத்தரிப் பூவை அதிரச் செய்து மகரந்தம் உதிர்க்கும் நீலவரித் தேனீ மண்ணில் வளை தோண்டி வாழ்வது. பெட்டித் தேனீயால் அந்த வேலையைச் செய்ய இயலாது. ஜெர்மனியில் பாதுகாக்கப்பட்ட பகுதிகளிலேயே 1989 முதல் 2016 வரை பறக்கும் பூச்சிகளின் மொத்த எடை 76 விழுக்காடு குறைந்துள்ளது எனும்போது, பாதுகாப்பற்ற நம் நிலத்தைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை.

உயிர்வேலிக்கு ரூ.2,60,000, குளம் தூர்வார ரூ.1,40,000, புன்னை, நாவல், இலுப்பை, மகிழம் முதலிய கன்றுகளுக்கும் மூன்றாண்டுப் பராமரிப்புக்கும் ரூ.2,40,000; ஆக ரூ.6,40,000. இதுவரை சேர்ந்தது ரூ.3,85,000. பற்றாக்குறை ரூ.2,55,000.

முதல் தேன் எடுப்பின் வருமானத்தை அப்படியே காணிக்கையாக்கிய தேனீ வளர்ப்போர், தம் சேமிப்பிலிருந்து தந்த மகளிர் சுயஉதவிக் குழுவினர், குளத்தின் சேற்றில் இறங்கி உழைத்த இளைஞர்கள், நாகர் வழிபாடு தங்கள் மரபு அல்ல என்றாலும் காவு ஊருக்குப் பொது என்று மனமுவந்து அளித்த தேவாலயச் சபையார், பள்ளிவாசல் ஜமாத்தார் ஆகிய அனைவருக்கும் நாங்கள் என்றென்றும் கடமைப்பட்டுள்ளோம்.

காவினுள் தரைக்கு டைல்ஸ் பதிக்கவும், உபயதாரர் பெயருடன் மின்விளக்குகள் நிறுத்தவும் சிலர் முன்வந்துள்ளனர். அவர்தம் பக்தியை மதிக்கிறோம். ஆயினும் சிமெண்ட் பூசிய மண்ணில் தேனீ வளை தோண்டாது, இரவெல்லாம் எரியும் விளக்கைச் சுற்றியே விட்டில்கள் மடியும் என்பதால் அவற்றை ஏற்பதற்கில்லை. அத்தொகையைக் கன்றுகளுக்கே தருமாறு வேண்டுகிறோம். திருவிழாவில் ஒரே இரவில் வாணவேடிக்கைக்குச் செலவிடும் ஊர், நாகராஜாவின் இருப்பிடத்துக்குக் கணக்குப் பார்ப்பது முறையா என்பதை அவரவர் மனச்சாட்சிக்கே விடுகிறோம்.

நன்கொடைகளை வைகாசி ஆயில்ய பூஜைக்கு முன் குழுப் பொருளாளரிடம் செலுத்தி ரசீது பெற்றுக்கொள்ளுங்கள். அன்று மாலை வரவு செலவுக் கணக்கு, இன்னும் செலுத்தாத வீடுகளின் பட்டியலுடன், காவின் முன் வாசிக்கப்படும்.

இங்ஙனம்,
காவு மீட்புக் குழுவினர்