இருநூற்றைம்பது சொல்லில் ஒரு படம்

ஆசிரியர் அவர்கட்கு,

தொலைக்காட்சியில் திரைப்பட விமர்சகராக வர விரும்பும் எங்கள் இளையோர் முதலில் விசாரிப்பது கமராவையும் மைக்கையும் பற்றித்தான். விசாரிக்க வேண்டியது எழுத்தைப் பற்றி. அமெரிக்கத் திரை விமர்சகர்களான ஜீன் சிஸ்கலும் ரோஜர் ஈபர்ட்டும் 1975இல் சிக்காகோவின் பொதுத் தொலைக்காட்சியில் படங்களைப் பற்றி வாதாடத் தொடங்கியபோது, இருவரும் ஒன்றுக்கொன்று போட்டியான இரு பத்திரிகைகளில் ஆண்டுக்கணக்காக எழுதி வந்தவர்கள். அதே ஆண்டு ஈபர்ட்டுக்கு அமெரிக்கப் பத்திரிகைத்துறையின் உயரிய பரிசான புலிட்சர் பரிசும் கிடைத்தது. திரை விமர்சகர்களில் அதைப் பெற்ற முதலாமவர் அவர்.

நான்கு நிமிட விமர்சனத்தில் படக்காட்சிகளுக்கே ஒன்றரை நிமிடம் போய்விடும். மிச்சம் இரண்டரை. தமிழை அவசரப்படாமல் சொன்னால் நிமிடத்துக்கு ஏறக்குறைய நூறு சொல். ஆகவே பேசுவதற்கு எழுதும் பிரதி 250 சொல்லுக்குள் நிற்க வேண்டும். கதைச்சுருக்கம் அறுபது சொல்லைத் தாண்டக்கூடாது. பெரும்பாலானோர் சறுக்குவது இந்த இடத்தில்தான். மூன்று நிமிடம் கதை சொல்லிவிட்டு, ‘இசை பரவாயில்லை, ஒளிப்பதிவு அருமை’ என்று முடித்துவிடுகிறார்கள். அருமை என்றால் எந்தக் காட்சியில்? கமரா எங்கே நின்றது, வெளிச்சம் எந்தப் பக்கத்தால் வந்தது? ஒரு காட்சியையாவது பிரித்துக் காட்டினால்தான் பார்ப்பவர் நம்புவார்.

அதற்குத் தியேட்டரிலேயே குறிப்பெடுக்கப் பழக வேண்டும். சிறிய கொப்பி, பென்சில், பக்கத்துக்கு நாலைந்து வரி, பெரிய எழுத்து. கண் திரையை விட்டு இறங்கக்கூடாது. கைபேசியில் எழுதினால் அந்த வெளிச்சம் பின்னால் இருப்பவரின் கண்ணைக் குத்தும். வெளியே வந்த கையோடு குறிப்பை விரித்து எழுதிவிட வேண்டும், மறுநாள் பாதி புரியாது.

காட்சித் துண்டுகளுக்கு விநியோகஸ்தர் வெளியிடும் முன்னோட்டமே போதும். தியேட்டரில் திருட்டுத்தனமாக எடுத்ததைத் தொடவே வேண்டாம். இலங்கையின் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் விமர்சனத்துக்கான நியாயமான பயன்பாட்டுக்கு இடம் தருகிறது. முழுப் பாடலையும் ஓடவிட்டுவிட்டு அதை விமர்சனம் என்று சொல்ல முடியாது.

பண விடயத்தில் இன்னும் கண்டிப்பு வேண்டும். படத்தைத் தயாரித்தவரே நிகழ்ச்சிக்கும் அனுசரணையாளர் என்றால் அங்கே விமர்சனம் நடக்காது. நடிகரிடம் செவ்வி எடுப்பவரும் அவருடைய படத்தை மதிப்பிடுபவரும் ஒரே ஆளாக இருப்பதும் தவறு. இங்கே இந்த வேலையின் வருமானத்தை மட்டும் நம்பி இருக்க முடியாது. படத்தொகுப்போ உபதலைப்பு எழுதுவதோ கைத்தொழிலாக இருந்தால் வேண்டாத அனுசரணையை மறுக்கத் துணிவு வரும்.

சென்னைப் படங்களுக்கு விமர்சனம் சொல்ல ஆயிரம் பேர் உண்டு. இயக்குநர் தர்மசேன பத்திராஜ 1977இல் யாழ்ப்பாணத்தைக் களமாகக் கொண்டு தந்த ‘பொன்மணி’யைப் பற்றியும், இன்று இங்கே எடுக்கப்படும் குறும்படங்களைப் பற்றியும் நாங்கள்தான் கதைக்க வேண்டும். 2015இல் தொடங்கிய யாழ்ப்பாணச் சர்வதேசத் திரைப்பட விழா இதற்கு நல்ல பயிற்சிக்களம்: ஒரே நாளில் மூன்று படம் பார்த்து, இரவே மூன்று பிரதி எழுதிப் பழகலாம்.

தங்கள் பத்திரிகையும் வாரம் ஒருமுறை இளையோருக்கு 250 சொல் இடம் ஒதுக்க வேண்டும். கதைச்சுருக்கம் அறுபது சொல்லை மீறியவற்றைத் தயங்காமல் திருப்பி அனுப்புங்கள்.

இங்ஙனம்,
வாசகர் ஒருவர்,
யாழ்ப்பாணம்.