சித்திரையில் கன்று நட வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சித்திரைப் பிறப்பன்று வீட்டுக்கு ஒரு கன்றாவது நடுவோம் என்று நம் பத்திரிகையில் வந்த வேண்டுகோளைப் படித்தேன். நல்ல எண்ணம்தான். ஆனால் பர்மாவில் கன்று நடுவதற்கு அதைவிட மோசமான மாதம் கிடையாது. 2024 ஏப்ரல் 28 அன்று மக்வே பக்கத்துச் சௌக்கில் 48.2 டிகிரி செல்சியஸ் பதிவானதை யாரும் மறந்திருக்க மாட்டோம். அந்த வெயிலில் புதுக்கன்றின் இலை இழக்கும் தண்ணீரை, இன்னும் மண்ணைப் பிடிக்காத வேரால் உறிஞ்சிக் கொடுக்க முடியாது. இலை கருகுகிறதே என்று மூன்று வேளை ஊற்றினால், சூடான ஈரமண்ணில் வேர் அழுகிவிடும். சித்திரையில் வரும் பர்மியப் புத்தாண்டுத் தண்ணீர்த் திருவிழா சமயத்தில் ஒரு மழை பெய்வதுண்டு. அதை நம்பி நடுபவர்கள்தான் அதிகம் இழக்கிறார்கள், ஏனென்றால் அடுத்த மழைக்குப் பல வாரம் ஆகலாம்.

யாங்கோன் பக்கம் வைகாசிக் கடைசியில் பருவமழை நிலைத்த பிறகு நடலாம். மாண்டலே, மக்வே, மொன்யுவா பக்கத்து வறண்ட பகுதியில் கணக்கு வேறு. அங்கே மே, ஜூனில் கொஞ்சம் பெய்து, ஜூலையில் இடைவெளி விட்டு, ஆகஸ்டு முதல் அக்டோபர் வரை மறுபடி பெய்யும். ஜூனில் நட்ட கன்று ஜூலை வறட்சியில் மாட்டிக்கொள்ளும். ஆடிப்பட்டம் தேடி விதை என்பது ஊர்ப் பழமொழி. ஆனால் மாண்டலேயில் ஆடியின் முன்பாதி பல வருஷம் வறண்டே போகும். ஆடிக் கடைசியிலோ ஆவணியிலோ நட்டால், அடுத்த கோடைக்கு முன் வேர் இறங்க ஆறேழு மாதம் கிடைக்கிறது.

நடும் விதமும் இரண்டு ஊருக்கும் நேர் எதிர். யாங்கோனில் வருஷத்துக்குச் சுமார் 2,700 மில்லிமீட்டர் மழை. மாண்டலேயில் அதில் மூன்றில் ஒரு பங்குதான். யாங்கோனின் செம்மண் களியில் குழி தோண்டி நட்டால் ஆடியில் அந்தக் குழி தொட்டியாகிவிடும். தரையிலிருந்து ஒரு சாண் உயரத்துக்கு மேடு போட்டு, அதன்மேல் நட வேண்டும். மாண்டலேயில் இரண்டடிக் குழி எடுத்து, மேல்மண் இரண்டு பங்குக்கு மக்கிய மாட்டுச்சாணம் ஒரு பங்கு கலந்து நிரப்பி, சுற்றுமண்ணைவிட நான்கு விரல் தாழ்வாகப் பாத்தி விட வேண்டும். ஊற்றும் தண்ணீர் ஓடிப்போகாது.

செடி வாங்குவதில் நடக்கும் தவறு, தை மாதத்துப் பூவைப் பார்த்து வாங்குவது. மேமியோவிலிருந்து குளிர்காலத்தில் வரும் பெட்டூனியாவும் சாமந்தியும் சுமார் 1,000 மீட்டர் உயரத்துக் குளிரில் வளர்ந்தவை. பங்குனியில் அவை பட்டுப்போவது வளர்ப்பவர் குற்றமில்லை. வெயிலையும் மழையையும் சேர்த்துத் தாங்குபவை நமக்குப் பழகிய செடிகள்தாம்: செம்பருத்தி, நந்தியாவட்டை, அரளி, முருங்கை, கறிவேப்பிலை. அரளி விஷம், ஆடு, குழந்தை நடமாடும் வீட்டில் வேண்டாம். இட்லிப்பூவுக்கு யாங்கோன் மண்ணின் புளிப்பு பிடிக்கும். மாண்டலேயின் சுண்ணாம்பு கலந்த மண்ணில் அதன் இளம் இலை மஞ்சளாகி நரம்பு மட்டும் பச்சையாக நிற்கும். மண்ணில் இரும்பு இருந்தும் வேரால் எடுக்க முடியாததால் வருவது அது. மாட்டுச்சாணம் எவ்வளவு போட்டாலும் தீராது. அங்கே அதற்குப் பதில் காகிதப்பூ வைக்கலாம். மண் காய்ந்த பிறகு தண்ணீர் விட்டால்தான் அது நன்றாகப் பூக்கும். நித்தியகல்யாணியும் பத்துமணிப்பூவும் வெயிலுக்கு அசையாதவை, ஆனால் யாங்கோன் மழையில் தண்டு அழுகும். அங்கே அவற்றைத் தாழ்வாரத்துத் தொட்டியில் வைப்பதே சரி.

கடையில் உயரமான கன்றைத் தேட வேண்டாம். ஒன்றரை அடிக் கன்று மூன்றடிக் கன்றைவிடச் சீக்கிரம் பிடிக்கும். பையின் அடியைத் திருப்பிப் பாருங்கள். வேர் வட்டமாகச் சுருண்டிருந்தால் அந்தச் சுருளைக் கத்தரித்துவிட்டு நட வேண்டும். இல்லாவிட்டால் அது வெளியே போகாமல் அங்கேயே சுற்றும். நிழல்வலைக்குள் இருந்த செடியை நேரே வெயிலில் வைத்தால் இரண்டே நாளில் இலை வெளுத்துத் திட்டாகும். முதல் பத்துப் பன்னிரண்டு நாள் காலை வெயில் மட்டும் படட்டும்.

சித்திரையில் செய்ய வேண்டியது, இருப்பதைக் காப்பாற்றுவது. கறுப்பு பிளாஸ்டிக் தொட்டி மேற்கு வெயிலில் நின்றால் உள்ளே மண் 50 டிகிரியைத் தாண்டும். தொட்டிச் சுவரை ஒட்டிய வேர் வெந்துபோகும். அந்தத் தொட்டியைப் பெரிய மண்தொட்டிக்குள் இறக்கி, இடைவெளியில் உமியோ மணலோ நிரப்பினால் சூடு தணியும். தரைச்செடிக்கு வைக்கோல் அல்லது கடலைத்தோலை மூன்று விரல் கனத்துக்குப் பரப்பலாம். தண்டைச் சுற்றி நான்கு விரல் வெற்றிடம் விட வேண்டும், இல்லையென்றால் கறையான் ஏறும். இந்த மாதத்தில் யூரியா வேண்டாம், கவாத்தும் வேண்டாம். யூரியாவால் வரும் இளந்தளிர் ஒரே மதியத்தில் கருகும். கிளையை வெட்டினால் நிழலில் இருந்த பட்டை வெயிலில் வெடிக்கும்.

கரண்ட் வரும் நேரத்தில்தான் மோட்டார் ஓடும் என்ற நிலையில், நான் மிகவும் நம்புவது மண்பானையைத்தான். யாங்கோனுக்குப் பக்கத்துத் துவந்தேயில் செய்யும் சாதாரணத் தண்ணீர்ப்பானை போதும். மெருகு பூசியது உதவாது. வாங்கியதும் நிரப்பி நிழலில் வையுங்கள். ஒன்றிரண்டு மணி நேரத்தில் வெளிப்பக்கம் ஈரம் படர்ந்து கை ஒட்ட வேண்டும். சொட்டினால் விரிசல் இருக்கிறது. ஐந்து லிட்டர் பானையைக் கழுத்துவரை புதைத்து, சுற்றி ஓர் அடிக்குள் மூன்று நான்கு செடி வைத்து, கொசு இறங்காதபடி ஓட்டால் மூட வேண்டும். மண் காயக் காயப் பானை கசியும். இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை நிரப்பினால் போதும். உப்புத் தண்ணீர் உள்ள ஊரில் சில மாதங்களில் நுண்துளை அடைபடும். அப்போது தோண்டி எடுத்து, காடித் தண்ணீரில் ஊறவைத்துத் தேங்காய் நாரால் தேய்க்க வேண்டும்.

பானை இல்லாதவர்கள் காலை ஏழு மணிக்குள் ஊற்ற வேண்டும். வெயிலில் கிடந்த குழாயின் முதல் தண்ணீர் கொதிக்கும், அதைச் செடிக்கு விடக்கூடாது. இரண்டு வயது மரத்துக்குத் தினம் ஒரு செம்பு ஊற்றுவதைவிட வாரம் இருமுறை இருபது லிட்டர் ஊற்றுவது மேல். வேர் ஆழம் போகும். மதியம் வாடிய செடி மாலையில் நிமிர்ந்தால் அதற்குத் தாகமில்லை. இரண்டு விரல் ஆழம் தோண்டிப் பார்த்துவிட்டு ஊற்றுங்கள்.

இலையைப் பார்த்தாலே நோய் புரியும். மேற்குப் பக்க இலையில் மட்டும் வெளிறிய திட்டு என்றால் வெயில். எல்லா இலையிலும் நுனியும் ஓரமும் காய்ந்து, தொட்டி விளிம்பில் வெள்ளைப் படிவு இருந்தால் உப்பு. தொட்டி கொள்ளும் அளவுபோல் இரண்டு மூன்று மடங்கு நல்ல தண்ணீரை விட்டு அடித்துளை வழியே வடிய விட வேண்டும். ஊசி குத்தியதுபோல் பொடிப்புள்ளி என்றால் வெள்ளைத் தாளில் இலையைத் தட்டுங்கள். புள்ளிகள் நகர்ந்தால் அது செம்பேன். வாரம் இருமுறை இலையின் அடிப்பக்கம் தண்ணீரைப் பீச்சி அடித்தால் அடங்கும்.

காய்கறியில் தக்காளிக்கு இந்த மாதத்தில் மல்லுக்கட்ட வேண்டாம். இரவுச் சூடு தணியாததால் மகரந்தம் கெட்டுப் பூ உதிர்கிறது, மருந்தால் ஆவது ஒன்றுமில்லை. வெண்டை, கொத்தவரை, தண்டுக்கீரை, சின்பாங் என்னும் புளிச்சகீரை ஆகியவை வெயிலிலும் கொடுக்கும்.

சித்திரைப் பிறப்பன்று ஏதாவது செய்தே ஆக வேண்டும் என்பவர்கள் வேப்பங்கன்றுக்கு இப்போதே குழி எடுத்துக் காயப் போடுங்கள், முருங்கைப் போத்துக்கு இடம் பாருங்கள். கன்று கொடுக்கும் விழாவை யாங்கோனில் ஆனியிலும் மாண்டலேயில் ஆவணியிலும் வைக்கும்படி மன்றங்களையும் கோயில் நிர்வாகங்களையும் நம் பத்திரிகை கேட்டுக்கொள்ள வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
மாண்டலே